ஞாயிறுதோறும் சாகிறவர்

நீங்கள் இப்போது கணினியில் வெட்டுகிறீர்கள். வெட்டியது பிழை என்று கண்டால் ஒரு விசையைத் தட்டுகிறீர்கள்; வெட்டுப்பட்டது எழும்பி வந்து தன் இடத்தில் உட்கார்ந்துகொள்கிறது. எனக்கு அந்த வசதி இருக்கவில்லை. என்னிடம் ஒரு பிஸ்கட் தகரம் இருந்தது.

உங்கள் தமிழ்த் தொலைக்காட்சியில் படத்தொகுப்புக்குப் புதிதாக ஏழு பேர் சேர்ந்திருக்கிறார்கள், அவர்களுக்குப் பயன்படும்படி ஏதாவது எழுதித் தாருங்கள் அன்ரி என்று கேட்டிருந்தீர்கள். டொரொண்டோவுக்கு வடக்கே மில்லிக்கனில் ஓய்வாக இருந்து, பக்கத்து வீட்டுக்காரன் தன் பனியை எங்கள் பக்கம் தள்ளுகிறானா என்று சன்னலால் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருத்திக்கு இது பெரிய கௌரவம். ஆனால் பயன்படுமா என்று தெரியாது. நான் வெட்டியது ஜப்பானிய நாடகம். எனக்கு ஜப்பானிய மொழியில் ஒரு சொல்லும் தெரியாது. இந்த இரண்டு வசனங்களிலும் என் பிழை முழுவதும் அடங்கிவிடுகிறது; மிச்சம் விளக்கம்தான்.

எழுபதுகளின் நடுப்பகுதி. ஸ்காபரோவில் வெக்ஸ்போர்ட் பக்கம், மெத்தைக் கடைக்கும் காருக்குச் சைலன்சர் மாற்றும் கடைக்கும் நடுவில் அந்த நிலையம் இருந்தது. பக்கத்துக் கடையில் வேலை மும்முரமாக நடந்தால் எங்கள் செய்தியிலும் கேட்கும். இத்தாலியருக்கு இரண்டு மணி நேரம், கிரேக்கருக்கு ஒன்றரை, போர்த்துக்கேயர், சீனர், உக்ரேனியர், ஜப்பானியருக்கு ஒவ்வொரு மணி என்று நேரத்தைப் பங்கு பிரித்திருந்தார்கள். தமிழருக்கு ஒன்றும் இல்லை. அன்றைக்கு டொரொண்டோவில் இருந்த தமிழர் எல்லோரையும் ஒரு கலியாண வீட்டுக்குள் அடக்கிவிடலாம். அடக்கியும் இருக்கிறோம்.

நான் தட்டெழுத்தாளராகத்தான் சேர்ந்தேன். பிலிம் வெட்டிக்கொண்டிருந்தவர் ஒரு வெள்ளிக்கிழமை மதியச் சாப்பாட்டுக்குப் போனார். இன்னும் வரவில்லை. திங்கட்கிழமை நிலையத்து முதலாளி வந்து எனக்குத் தையல் தெரியுமா என்று கேட்டார். தெரியும் என்றேன். நேர்முகப் பரீட்சை அத்தோடு முடிந்தது.

எனக்குத் தொழில் பழக்கியவர் மதுரைப் பக்கத்திலிருந்து வந்த, நிலையத்து எஞ்சினியர். அவர் பெயரை எழுதினால் அவருக்குப் பிடிக்காது. நான் அண்ணை என்றுதான் கூப்பிடுவேன். அதிகம் பேசமாட்டார். முதல் நாள் ஒரு வட்டமான பிஸ்கட் தகரத்தைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். மூடியில் ஏதோ ஒரு ஸ்கொட்லாந்துக் கோட்டை.

“வெட்டின துண்டைக் குப்பையில போட்ராதீங்க. தேதி எழுதி இதுல போடுங்க. நீங்க தூக்கிப் போட்ட மறுநாள்தான் அதைத் தேடிக்கிட்டு ஆள் வரும்” என்றார்.

“எவ்வளவு நாளைக்கு வைச்சிருக்கிறது அண்ணை?”

“தகரம் நிறையற வரைக்கும்.”

ஜப்பானிய மணி ஞாயிறு காலை பதினொன்றுக்கு. அதை நடத்தியவர் ஒகாவா. வார நாட்களில் காப்புறுதி விற்பார். ஞாயிற்றுக்கிழமைகளில் கோட் போட்டுக்கொண்டு கமராவுக்கு முன்னால் குனிந்து வணக்கம் சொல்லுவார். மிகவும் மரியாதையான மனிதர். கதவு அவருடைய காலில் இடித்தால் கதவிடம் மன்னிப்புக் கேட்கக்கூடியவர். நானும் யாழ்ப்பாணத்தில் அதிபர் வீட்டில் வளர்ந்த பிள்ளை, ஒருவர் முகம் சுழிக்கும்படி ஒன்றும் சொல்லமாட்டேன். இரண்டு மரியாதைக்காரர் ஒரு அறைக்குள் வேலை செய்தால் அங்கே உண்மை வெளியே வர எவ்வளவு காலம் எடுக்கும் என்பதை இனிச் சொல்கிறேன்.

ஜப்பானிலிருந்து வந்த நாடகம் பழைய காலத்து வாள்வீரர் கதை. கிழமைக்கு ஒன்று, பிலிம் சுருளில் வரும். கதாநாயகர் ஒரு ஊருக்கு வருவார், அங்கே அநியாயம் நடக்கும், அவர் நாற்பது நிமிடம் பொறுத்துப் பார்ப்பார், பிறகு பொறுக்கமாட்டார். கடைசியில் இருபது பேரை வெட்டிவிட்டு, நின்று ஒரு நீண்ட பேச்சுப் பேசிவிட்டு, அடுத்த ஊருக்குப் போவார். எல்லாமாக நாற்பத்தேழு நிமிடம். ஒகாவாவின் வணக்கமும், சோயாச் சாறு விளம்பரமும், பயண முகவரும், ஜூடோ வகுப்பு அறிவித்தலும் போக எங்களிடம் இருந்தது நாற்பத்துநாலு. அந்த மூன்று நிமிடத்தை எடுப்பதுதான் வியாழக்கிழமைகளில் என் வேலை.

எதை எடுப்பது? பேச்சை எடுக்கப் பயம். ஆர் என்ன சொல்கிறார் என்று தெரியாமல் வாயைப் பாதியில் வெட்டினால் சனம் சிரிக்கும். வாள் சண்டையில் பேச்சு இல்லை. இருபது பேர் சாகிற இடத்தில் பன்னிரண்டு பேர் செத்தால் ஆர் எண்ணப்போகிறார்கள்? ஆகவே ஒவ்வொரு வியாழனும் நான் ஏழெட்டுப் பேருக்கு உயிர்ப்பிச்சை கொடுத்தேன். ஒரு தட்டெழுத்தாளருக்கு அது பெரிய அதிகாரம். அதைத் தயக்கமில்லாமல் பயன்படுத்தினேன்.

எங்களை ஒருவரும் பார்ப்பதில்லை என்றும் ஒரு எண்ணம் எனக்கு இருந்தது. அதற்கு ஆதாரமும் இருந்தது. ஒருமுறை இரண்டாம் சுருளுக்கு முன்னால் மூன்றாம் சுருளைப் போட்டுவிட்டோம். வில்லன் செத்து, அடக்கமாகி, பிறகு எழும்பிவந்து சாப்பிட்டான். ஒரு தொலைபேசி அழைப்பும் வரவில்லை. ஒகாவாகூட ஒன்றும் சொல்லவில்லை. திங்கட்கிழமை என்னைப் பார்த்து வழமையைவிடக் கொஞ்சம் கூடக் குனிந்தார், அவ்வளவுதான். அழைப்பு வராவிட்டால் பார்க்க ஆளில்லை என்று நான் முடிவு கட்டினேன். உங்களுக்கு இப்போது எத்தனை பேர் பார்த்தார்கள் என்று திரையிலேயே எண் வருகிறது; நீங்களும் அப்படித்தான் முடிவு கட்டுவீர்கள்.

ஆனால் எங்கள் வீட்டில் ஒருவர் பார்த்தார். என் கணவர் கார் உதிரிப்பாகத் தொழிற்சாலையில் வேலை. ஞாயிறு காலையில் தேத்தண்ணீரோடு இருந்து முழுவதையும் பார்ப்பார். மொழி தெரியாதது அவருக்கு ஒரு குறையாகப்படவில்லை. ஒருநாள் திடீரென்று கோப்பையைக் கீழே வைத்தார்.

“இஞ்சை பாரும், உந்த நெடுவல் போன கிழமையும் செத்தவன் எல்லே?”

“ஆர்?”

“உவன்தான், நீட்டு மூஞ்சிக்காரன். போன கிழமை மழைக்குள்ளை செத்தவன். அதுக்கு முந்தின கிழமை படியிலை உருண்டு செத்தவன்.”

வியாழக்கிழமை மேசையில் வைத்துப் பார்த்தேன். கணவர் சொன்னது சரி. உயரமான, நீண்ட முகமுள்ள ஒருவர் ஒவ்வொரு கிழமையும் வேறு வேறு பொய்மயிரோடு வந்து வெட்டுப்பட்டார். ஒரு கதையில் வாசலில் காவற்காரனாகச் செத்து, ஐந்து நிமிடம் கழித்து உள்ளே அடியாளாக இன்னொரு தரம் செத்தார். ஒகாவாவிடம் கேட்டேன்.

ஒகாவா ஆங்கிலத்தில்தான் பேசுவார். ஆனால் எனக்கு அது எங்கள் தமிழிலேயே நினைவிருக்கிறது, அப்படியே எழுதுகிறேன்.

“அது அவையின்ரை தொழில்” என்றார். “வெட்டுப்படுறதுக்கெண்டே ஆக்கள் இருக்கினம். ஸ்டூடியோவிலை ஒரு கூட்டம். பேர் போடமாட்டினம். கதாநாயகனுக்கு வாள் பிடிக்கத் தெரியாட்டிலும் பரவாயில்லை, இவையளுக்குச் சாகத் தெரிஞ்சால் காணும். வாள் பட்ட மாதிரித் தெரியிறது இவை விழுகிற விதத்திலைதான்.”

“உந்த நெடுவல் விழ ஏன் இவ்வளவு நேரம் எடுக்கிறார்?”

“அவர் பழைய ஆள். புதுசாய் வந்தவன் வெட்டினவுடனை விழ வேணும். பழைய ஆள் பின்னாலை வளைஞ்சு நிண்டு, முகத்தைக் கமராவுக்குக் காட்டி, பிறகுதான் விழலாம். இறால் மாதிரி வளையிறது எண்டு சொல்லுவினம். அது ஒரு உரிமை.”

இறால் மாதிரி வளைந்து விழ அவருக்குப் பதினொரு விநாடி எடுத்தது. தொழிலில் இருபது வருடம் விழுந்து சம்பாதித்த உரிமை என்று ஒகாவா சொன்னதை நான் தலையாட்டிக் கேட்டேன். பிறகு மேசைக்குப் போய் அந்தப் பதினொரு விநாடியை வெட்டி எடுத்தேன். ஒரே ஆள், ஒரே துண்டு, பேச்சில்லை, கதைக்குத் தேவையில்லை. மூன்று பொடியளுக்கு உயிர்ப்பிச்சை கொடுப்பதைவிட அது சுகம். அடுத்த கிழமையும் அவரையே வெட்டினேன். பிறகு அது பழக்கமாகிவிட்டது; கை வெட்டியது, கண் ஆளைப் பார்க்கவில்லை. தேதி எழுதித் தகரத்தில் போட்டேன். அதில் மட்டும் நான் ஒழுங்கு.

சில மாதம் கழித்து ஒரு ஞாயிறு கணவர் கேட்டார்: “நெடுவலைக் கன நாளாய்க் காணேல்லை. ஆளுக்கு என்ன நடந்தது?”

“கண்டறியாத கேள்வி” என்று சொல்லிவிட்டு நான் கறிக்கு உப்புப் பார்க்கப் போனேன். நான் வெட்டிவிட்டேன், அதுதான் காணவில்லை என்று எனக்குள் நினைத்தேன். தொழில் தெரிந்தவள் என்ற திமிர். தொழில் தெரியாத மனிதர் கேட்ட கேள்வியை அந்த இடத்திலேயே எழுதி வையுங்கள். நான் எழுதி வைக்கவில்லை.

அதற்குப் பிறகு வந்த வியாழக்கிழமை காலை ஒகாவா என் அறைக்கு வந்தார். பின்னால் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு அம்மா, கையில் கையுறைகளைச் சுருட்டிப் பிடித்தபடி. ஒகாவாவின் முகம் காப்புறுதி எடுக்காமலே வீடு எரிந்தவரின் முகமாக இருந்தது.

“இவ மிஸிஸ் நகானோ. பதினாலு கிழமையாய் எனக்கு ரெலிபோன் எடுக்கிறா. நான் இயந்திரக் கோளாறு எண்டு சொல்லிக்கொண்டு வந்தனான்” என்றார்.

“என்ன கோளாறு?”

“நீர் வெட்டுறீர் எண்டு எனக்குத் தெரியும். உம்மைக் கேட்டால் உமக்கு மனம் நோகும் எண்டு கேட்கேல்லை.”

நானும் எதை வெட்டுகிறேன் என்று அவருக்கு ஒருநாளும் சொன்னதில்லை. அவர் மனம் நோகும் என்றுதான். பதினாலு கிழமை இருவரும் ஒருவருக்கொருவர் மரியாதை செய்துகொண்டிருந்திருக்கிறோம்.

மிஸிஸ் நகானோ என் முன்னால் இருந்தார். அவருடைய ஆங்கிலத்தில் ஜப்பானிய வாடையே இல்லை. கனடாவில் பிறந்தவர்.

“உந்த நாடகத்திலை ஒரு உயரமான ஆள் ஒவ்வொரு கிழமையும் சாகிறவர். இப்ப அவர் சாகிறேல்லை. அவர் சாகிறதைக் காணாட்டில் அவர் செத்துப்போனார் எண்டுதான் நான் நினைக்க வேணும். அதுதான் கேக்க வந்தனான்.”

அந்த ஆள் அவருடைய தம்பி. பெயர் ஹென்றி.

நான் தவறாகக் கேட்டுவிட்டேனோ என்று ஒகாவாவைப் பார்த்தேன். அவர் தலையாட்டினார். அந்தப் பொய்மயிருக்குள்ளும் அந்தக் காலத்து உடுப்புக்குள்ளும் இருந்தவர் வான்கூவரில் பிறந்த ஹென்றிதான். ஜப்பானோடு யுத்தம் வந்தபோது அரசாங்கம் கடற்கரையில் இருந்த ஜப்பானியர் எல்லோரையும் மலைப்பக்க முகாம்களுக்கு ஏற்றியது. யுத்தம் முடிந்ததும், ஒன்றில் நாட்டின் கிழக்கே போங்கள், இல்லாவிட்டால் ஜப்பானுக்குப் போங்கள் என்றது. தகப்பனுக்குக் கோபம், ஜப்பானுக்கு என்று கையெழுத்து வைத்தார். பதினாறு வயது ஹென்றியும் கூடப் போனார். அவர் அதற்கு முன் ஜப்பானைக் கண்டதில்லை. தமக்கை அப்போதுதான் கலியாணம் முடித்தவர்; கணவரோடு டொரொண்டோவுக்கு வந்துவிட்டார்.

“அங்கை அவனுக்கு ஒழுங்காய்க் கதைக்க வராது. வாயைத் திறந்தால் கனடா வந்திடும். எல்லாரும் சிரிப்பினம். கதைக்கத் தேவையில்லாத ஒரு வேலை கிடைச்சிருக்கு எண்டு ஸ்டூடியோவிலை இருந்து ஒரு காயிதம் போட்டான். அதுதான் கடைசிக் காயிதம். அப்பா மோசம்போன நேரம் செத்தவீட்டுக்கு நான் போகேல்லை. என்ரை பிள்ளைக்குச் சுகமில்லை. அவன் அதை மன்னிக்கேல்லை. இருபது வருசம். நான் போட்டது எல்லாம் திரும்பி வந்திட்டுது.”

இரண்டு வருடத்துக்கு முன்னால், ஜப்பானிய மணி தொடங்கிய முதல் ஞாயிறு, சோறு போட்டுக்கொண்டே தொலைக்காட்சியைத் திரும்பிப் பார்த்திருக்கிறார். தம்பி செத்துக்கொண்டிருந்தார்.

“முகத்தாலை பிடிச்சீங்களோ?” என்று கேட்டேன்.

“கையாலை. விழ முதல் இடது கையைத் தூக்குவான், வாத்தியாரிட்டைக் கேள்வி கேக்கிற மாதிரி. சின்னனிலையும் அப்பிடித்தான். நாங்கள் துறைமுகப் பலகையிலை சுட்டு விளையாடுவம். அவன் சின்னவன், அவன்தான் சாக வேணும். அவனை முதன்முதல் சுட்டது நான்தான்.”

அதன்பின் இரண்டு வருடம், ஞாயிறுதோறும் தம்பி செத்தார். தமக்கை நிம்மதியாகச் சாப்பிட்டார். பிறகு நான் தையல் தெரியும் என்று சொல்லிக்கொண்டு வந்து சேர்ந்தேன்.

“ஒருமுறை சுருள் மாறிப் போனது. அண்டைக்கு நீங்கள் ரெலிபோன் எடுக்கேல்லையே?” என்று கேட்டேன். ஏன் கேட்டேன் என்று தெரியாது.

“அண்டைக்கு அவன் செத்தவன்தானே” என்றார்.

எனக்கு அழுகை வந்தது. வெட்கமும் வந்தது. இரண்டையும் அடக்கிக்கொண்டு தகரத்தைத் திறந்தேன். நெடுவலின் துண்டுகளைத் தேதிப்படி பொறுக்கினேன். ஒன்பது இருந்தன. ஒட்டி ஒரே துண்டாக்கி, கையால் சுழற்றிப் பார்க்கும் சின்னப் பெட்டியில் போட்டு, கைபிடியை அவரிடமே கொடுத்தேன்.

ஒன்றரை நிமிடத்துக்குக் கொஞ்சம் கூட வரும். ஹென்றி வாசலில் செத்தார், மழையில் செத்தார், அரிசி மூட்டைகளுக்கு நடுவில் செத்தார். ஒவ்வொரு தடவையும் இடது கை மேலே போனது. நான் அந்தத் துண்டுகளைக் கையில் பிடித்து வெட்டியவள், அந்தக் கையை ஒருநாளும் காணவில்லை. மிஸிஸ் நகானோ முதலில் உதட்டைக் கடித்துக்கொண்டு பார்த்தார். நாலாவதில் வாய்விட்டுச் சொல்லத் தொடங்கினார்.

“உது வடிவாய் விழுந்திருக்கிறான். உதிலை கால் வழுக்கிப்போச்சு, பாருங்கோ, சமாளிக்கிறான், கள்ளன்.” ஏழாவதில் சிரித்தார். அறையில் எல்லோரும் சிரித்தோம். அண்ணை எப்போது வந்து கதவடியில் நின்றார் என்று தெரியாது; அவரும் சிரித்தார்.

துண்டு முடிந்தது. அவர் கைபிடியை விடாமல் கேட்டார்: “கடைசித் துண்டு எந்தக் கிழமையிலையது?”

அந்த நேரத்தில்தான் எனக்கு உறைத்தது. ஒன்பது துண்டு, பதினாலு கிழமை. கடைசி ஐந்து கிழமைகளில் நான் வெட்டிய மற்றத் துண்டுகளும் தகரத்தில் இருந்தன. அவசரமாக ஒவ்வொன்றாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். வேறு ஆட்கள். குள்ளமானவர்கள், கெதியாகச் செத்தவர்கள். ஒளிபரப்பான பகுதியிலும் அவர் இல்லை என்பதற்கு மிஸிஸ் நகானோவே சாட்சி. என் கணவர் கேட்டதும் அதைத்தான்.

பொய் சொல்ல எனக்கு மூன்று வழி தெரிந்தது. மிச்சம் தொலைந்துவிட்டது என்று சொல்லலாம். வேறு நகரத்து நிலையத்துக்குப் போய்விட்டது என்று சொல்லலாம். இயந்திரக் கோளாறு என்று சொல்லலாம். அதற்கு ஒகாவா ஏற்கெனவே பாதை போட்டு வைத்திருந்தார். அண்ணையைப் பார்த்தேன். அவர் தமிழில், மற்றவர்களுக்கு விளங்காதபடி சொன்னார்:

“மலர், தெரிஞ்சதை மட்டும் சொல்லுங்க. ஆறுதல் சொல்றது நம்ம டிபார்ட்மெண்ட் இல்ல.”

“முதல் ஒன்பது கிழமையும் நான்தான் வெட்டினனான்” என்று மிஸிஸ் நகானோவிடம் சொன்னேன். “கடைசி அஞ்சு கிழமையும் நான் அவரை வெட்டேல்லை. அவர் இருக்கேல்லை.”

அவர் கையுறைகளைப் போட்டுக்கொண்டார். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

அன்றைக்கே, தெளிவாக முகம் தெரிந்த ஒரு சட்டத்தை, பிலிமில் ஒற்றைப் படத்தை, வெட்டி அட்டையில் ஒட்டினேன். இவர் ஆர், உயிரோடு இருக்கிறாரா என்று ஒகாவா ஜப்பானிய மொழியில் எழுதி ஸ்டூடியோவுக்கு விமானத் தபாலில் அனுப்பினார். பதில் மூன்று மாதம் கழித்து வந்தது. இரண்டு பக்கம், மிக அழகான கையெழுத்து. முழுவதையும் வாசித்துவிட்டு, “அப்பிடி ஒருத்தரைத் தெரியாதாம்” என்றார் ஒகாவா. ஆனால் அதற்குள் காரியம் முடிந்துவிட்டது.

கடிதம் போட்டபின் நான் வியாழக்கிழமைகளில் வேறு மாதிரிப் பார்த்தேன். கதாநாயகரைப் பார்ப்பதை விட்டுவிட்டேன். விழுகிறவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தேன். இருபது பேருக்கும் இருபது விதமான சாவு. ஒருவர் கண்ணைத் திறந்தபடி, ஒருவர் தன் செருப்புக் கழரக்கூடாது என்ற கவனத்தோடு. ஆறு கிழமை போனது. ஹென்றி இல்லை. மிஸிஸ் நகானோ எங்களுக்குத் தொலைபேசி எடுக்கவில்லை. எடுக்காதது எடுப்பதைவிடக் கஷ்டமாக இருந்தது.

ஏழாவது கிழமை, கடைசிச் சுருளில், ஒரு மரப் பாலத்துச் சண்டை. பாலத்தின் அந்தப் பக்கத்தில் உயரமான ஒருவர், எங்களுக்கு முதுகைக் காட்டியபடி. வெட்டு விழுந்ததும் அவர் பின்னால் வளைந்தார். முழுதாக வளையவில்லை, பாதியில் நின்றார், பிறகு ஒரு கிழவர் கதிரையில் இருப்பதுபோல மெல்ல மெல்ல இறங்கினார். பத்தொன்பது விநாடி. முகம் தெரியவில்லை. இடது கை இருக்க வேண்டிய இடத்தில் பாலத்துத் தூண்.

ஒகாவாவைக் கூப்பிட்டேன். நாலு தரம் பார்த்தார். அவருடைய கண் கலங்கிவிட்டது.

“அவர்தான். நான் இப்பவே அவவுக்கு எடுக்கிறன்.”

“முகம் தெரியேல்லை ஒகாவா.”

“உயரம் சரி.”

“ஜப்பானிலை இன்னொரு உயரமான மனுசன் இருக்கமாட்டாரோ? இல்லையெண்டு ஞாயிற்றுக்கிழமை தெரிஞ்சால் அந்த மனுசிக்கு ஆர் பதில் சொல்லுறது?”

அவர் மரியாதைக்காகக்கூடத் தலையாட்டவில்லை. முதன்முறையாக நாங்கள் இருவரும் சண்டை பிடித்தோம். நல்ல சண்டை. கடைசியில், ஒன்றும் சொல்வதில்லை, அந்தப் பத்தொன்பது விநாடியையும் ஒரு சட்டம் குறையாமல் போடுவது, பார்த்து முடிவு செய்யத் தெரிந்த ஒரே ஆள் பார்த்து முடிவு செய்யட்டும் என்று ஒத்துக்கொண்டோம். அது சரியான முடிவா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. மூன்று நாள் அவரை அநியாயமாகத் தவிக்கவிட்டோமோ என்றும் யோசித்திருக்கிறேன்.

இன்னொரு சிக்கல் இருந்தது. வழமையான மூன்று நிமிடத்தை எடுக்க வேண்டும். பாலத்துச் சண்டை முழுவதும் கமராவை நிறுத்தாமல் ஒரே ஓட்டமாக எடுத்தது. அதற்குள் கத்தரிக்கோல் வைக்க இடமில்லை. மிஞ்சியது கதாநாயகரின் கடைசிப் பேச்சு. சரியாக மூன்று நிமிடம்.

“அதிலைதான் கதையே இருக்குது” என்றார் ஒகாவா. “ஆர் கொலைகாரன், ஏன் செய்தவன் எண்டு அதிலைதான் அவர் சொல்லுறார்.”

“அதிலை எவ்வளவு விட்டால் காணும்?”

அவர் கோட்டின் தெறியைக் கழற்றித் திரும்பப் பூட்டினார். பிறகு சொன்னார்: “என்ரை வணக்கம் ஒண்டரை நிமிசம். அதை எடும். கதாநாயகனுக்கும் ஒண்டரை நிமிசம் விடும்.” அந்த ஞாயிறு அவருடைய மாமனார் மாமியார் மொன்றியலில் இருந்து, மருமகனைத் தொலைக்காட்சியில் பார்ப்பதற்கென்றே வந்திருந்தார்கள். அது எனக்குப் பிறகுதான் தெரியும்.

ஞாயிறு நான் வீட்டில் இருந்தேன். கணவர் தேத்தண்ணீரோடு முன்னால். நான் அவருக்கு ஒன்றும் சொல்லவில்லை. பாலம் வந்தது.

கணவர் கதிரையை விட்டு எழும்பினார். “எட, வந்திட்டான் நெடுவல்! பாரும், ஆளுக்கு நாரி பிடிச்சிருக்கு. நாரி நோவோடை எப்பிடி விழுகிறான் பாரும்!”

“உங்களுக்கு எப்பிடித் தெரியும் அவர்தான் எண்டு?”

“ஏன், எனக்கு நாரி நோகிறேல்லையோ?” என்றார், தன் இடுப்பைப் பிடித்தபடி.

திங்கட்கிழமை காலை நிலையத்தில் என் மேசைக்கு மேலே முதலாளியின் எச்சரிக்கைக் கடிதம் இருந்தது. ஞாயிறு முழுக்க அழைப்புகள். கொலைகாரன் ஆர் என்று கேட்டு இருபத்திரண்டு பேர் எடுத்திருக்கிறார்கள். ஒரு பல் வைத்தியர் நேரே வந்தே கேட்டிருக்கிறார். எங்களை இத்தனை பேர் பார்க்கிறார்கள் என்று நிலையத்துக்கு அன்றைக்குத்தான் தெரியும். கதாநாயகரை வெட்டுவது எந்த நிலையத்திலும் கேள்விப்படாத செயல் என்று முதலாளி எழுதியிருந்தார். அது உண்மைதான். கையெழுத்து வைத்து ஒரு பிரதியைத் திருப்பிக் கொடுத்தேன்.

இதை உங்களுக்கு எழுதக் காரணம் உண்டு. பிறகு ஊரில் யுத்தம் பெருத்து ஒரு காலம் வந்தது. எங்கள் சனமும் ஸ்காபரோவில் அடுக்குமாடிகளில் இருந்துகொண்டு, செய்திப் படத்தில் ஓடுகிற கூட்டத்துக்குள்ளே ஒரு சட்டையை, ஒரு நடையை, ஒரு தலைச் சாய்வைத் தேடின காலம். அந்தக் கூட்டங்களை நாலு விநாடியாகவும் மூன்று விநாடியாகவும் வெட்டியவர்களில் நானும் ஒருத்தி. வெட்டத்தான் வேண்டும், நேரம் இல்லை. ஆனால் பேசாதவரைத்தான் முதலில் வெட்டக் கை போகும். ஏனென்றால் அவர் தன் பக்கத்தை எடுத்துச் சொல்லமாட்டார். கை போகிற நேரம் ஒருமுறை நிறுத்திப் பாருங்கள். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்த தொழில்.

அன்று காலை எச்சரிக்கைக் கடிதத்துக்குக் கீழே இன்னொரு துண்டுக் காகிதமும் இருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் தொலைபேசிக்குப் பதில் சொல்கிற போர்த்துக்கேயப் பெண் எழுதி வைத்தது. அவளுக்கு இந்தக் கதை ஒன்றும் தெரியாது. இப்போதும் அது பிஸ்கட் தகரத்தில், மேலேயே இருக்கிறது. பார்த்து எழுதுகிறேன்:

“மிஸிஸ் நகானோ அழைத்தார். அவருடைய தம்பி இன்று பதினொன்று நாற்பத்தைந்துக்கு இறந்துவிட்டாராம். உங்களுக்கு மிகவும் நன்றி சொல்லச் சொன்னார். சந்தோசமாக அழுதார். எனக்கு என்ன சொல்வது என்று தெரியவில்லை, ஆழ்ந்த அனுதாபம் என்று சொல்லி வைத்தேன். அதற்கு அவர், அடுத்த ஞாயிறும் சாவான் என்றார்.”